தண்ணீர் சேர்த்த உலோகம்

வீடு கட்டக் கொட்டிவைத்திருக்கும் கருங்கல் ஜல்லியில் யுரேனியம் இருக்கிறது. வயல் மண்ணில் இருக்கிறது, கடல்நீரிலும் கரைந்திருக்கிறது. புவியோட்டுக்கு மொத்தமாகச் சராசரி எடுத்தால் ஒரு டன் பாறைக்கு ஏறத்தாழ 3 கிராம் வரும். தங்கத்தைப்போல நூற்றுக்கணக்கான மடங்கு. வெள்ளியைவிடவும் பல மடங்கு. அளவை மட்டும் பார்த்தால் இதை அரிய உலோகம் என்று சொல்ல வழியில்லை.

சுரங்கக் கணக்கை எடுத்தால் கதை வேறு. உலகில் ஆண்டுதோறும் எடுக்கப்படும் யுரேனியம் சமீப ஆண்டுகளில் 50,000 முதல் 60,000 டன். அதில் ஐந்தில் இரண்டு பங்கு கஜகஸ்தான் என்ற ஒரே நாட்டிலிருந்து வருகிறது. கனடாவையும் நமீபியாவையும் சேர்த்துக்கொண்டால் மூன்றில் இரண்டு பங்கைத் தாண்டிவிடும். மின்சாரத்தில் பெரும்பகுதியை அணுவிலிருந்து பெறும் பிரான்ஸும், ஜப்பானும் தென்கொரியாவும் தங்கள் மண்ணில் இன்று யுரேனியம் தோண்டுவதே இல்லை.

எங்கும் இருக்கும் பொருள் சில இடங்களில் மட்டும் ஏன் தோண்டத் தக்கதாகிறது? டன்னுக்கு 3 கிராமுக்காக யாரும் மலையை உடைக்க மாட்டார்கள். குறைந்தது நூறு மடங்காவது அது ஓரிடத்தில் திரண்டிருக்க வேண்டும். அப்படித் திரட்டும் வேலையை இயற்கையில் பெரும்பாலும் செய்தது தண்ணீர். பாறையிலிருந்து யுரேனியத்தைக் கழுவி எடுத்ததும், சுமந்து சென்றதும், இறக்கிவைத்ததும் அதுதான். இன்றைய சுரங்கங்களின் லாபம், விபத்து, செலவு, வழக்கு எல்லாம் அதே தண்ணீரைச் சுற்றியே நடக்கின்றன.

கரையும் யுரேனியம், கரையாத யுரேனியம்

பாறைக்குள் யுரேனியம் முக்கியமாக இரண்டு வேதிநிலைகளில் இருக்கும். நான்கு எலெக்ட்ரான்களை இழந்த நிலையில் அது தண்ணீரில் அநேகமாகக் கரையாது. ஆறு எலெக்ட்ரான்களை இழந்துவிட்டால் சுலபமாகக் கரையும். கார்பனேட் உள்ள தண்ணீர் என்றால் இன்னும் சுலபம். முதல் நிலையிலிருந்து இரண்டாவதற்குத் தள்ளிவிட ஆக்சிஜன் போதும்.

பூமியின் காற்றில் ஆக்சிஜன் கணிசமாகச் சேரத் தொடங்கியது சுமார் 240 கோடி ஆண்டுகளுக்கு முன்புதான். அதற்கு முந்தைய ஆறுகளில் யுரேனியக் கனிமம் மணலோடு மணலாக, கரையாமல் உருண்டு சென்று கூழாங்கல் படுகைகளில் தங்கியது. தென்னாப்பிரிக்காவின் விட்வாட்டர்ஸ்ராண்ட் தங்கச் சுரங்கங்களிலும் கனடாவின் எலியட் லேக் பகுதியிலும் கிடைத்த யுரேனியம் அந்தக் காலத்தது. இன்றைய ஆற்றில் அதே மணி விழுந்தால் வெகுதூரம் தாங்காது. ஆக்சிஜன் நிறைந்த நீர் அதைக் கரைத்துவிடும்.

ஆக்சிஜன் வந்தபின் யுரேனியத்துக்குக் கால் முளைத்தது. மழைநீர் கருங்கல்லையும் எரிமலைச் சாம்பலையும் கழுவி, யுரேனியத்தை எடுத்துக்கொண்டு மணற்கல் அடுக்குகளுக்குள் இறங்கியது. அங்கே மக்கிய மரத்துண்டும் பைரைட்டும் இருக்கும் இடத்தில் ஆக்சிஜன் தீர்ந்துபோகும். தீர்ந்த இடத்தில் யுரேனியம் பழைய நிலைக்குத் திரும்பிப் படிந்துவிடும். துளையிட்டு எடுத்த பாறை உருளைகளை வரிசையாக அடுக்கிவைத்தால் இதைக் கண்ணாலேயே பார்க்கலாம். தண்ணீர் வந்த பக்கத்து மணற்கல் துருப்பிடித்த இரும்பின் செம்மஞ்சள். அது போய்ச் சேராத பக்கம் சாம்பல் நிறம். இரண்டும் சந்திக்கும் எல்லையில், குறுக்குவெட்டில் பிறை வடிவத்தில், கறுத்துத் தெரிவதுதான் தாது. புவியியலாளர் தேடுவது அந்த நிறமாற்றத்தை. மத்திய ஆசியாவின் பெரும் படிவுகள் இந்த வகையைச் சேர்ந்தவை.

இந்த வேலை ஓரிடத்தில் எல்லை மீறியும் போயிருக்கிறது. 1972இல் பிரான்ஸின் பியர்லாட் ஆலையில், காபோன் நாட்டு ஓக்லோ சுரங்கத்திலிருந்து வந்த யுரேனியத்தைச் சோதித்தபோது கணக்கு உதைத்தது. இயற்கை யுரேனியத்தில் பிளவுபடக்கூடிய யுரேனியம்-235 எங்கு எடுத்தாலும் 0.720 சதவீதம். இதில் 0.717 மட்டுமே இருந்தது. அணு எரிபொருள் கிராம் கணக்கில் பார்க்கப்படும் துறையில் இவ்வளவு வித்தியாசத்தை விட்டுவிட முடியாது. தேடிப் போனபோது, சுமார் 200 கோடி ஆண்டுகளுக்கு முன் அந்தப் படிவு தானாகவே அணு உலையாக இயங்கியிருந்தது தெரியவந்தது. அன்று யுரேனியம்-235இன் பங்கு 3 சதவீதத்தை ஒட்டி இருந்தது. இன்றைய அணுமின் நிலைய எரிபொருளுக்குச் சமம். பாறை இடுக்கில் ஊறிய தண்ணீர் நியூட்ரான்களின் வேகத்தைக் குறைத்துத் தொடர்வினையை நடத்தியது. சூடேறி நீர் ஆவியானதும் வினை நின்றது; ஆறி நீர் ஊறியதும் மீண்டும் தொடங்கியது. பாறையில் சிக்கியிருந்த செனான் வாயுவை ஆராய்ந்தவர்கள், அரைமணி நேரம் ஓடி இரண்டரை மணி நேரம் ஓய்ந்ததாக இதன் தாளத்தைக்கூடக் கணித்திருக்கிறார்கள்.

வெள்ளிச் சுரங்கத்தின் கறுப்புக் கல்

மனிதர் யுரேனியத்தைத் தேடிப் போகவில்லை. இன்றைய செக் குடியரசின் யாஹிமோவிலும், அதை ஒட்டிய ஜெர்மனியின் சாக்சனி மலைகளிலும் 16ஆம் நூற்றாண்டில் வெள்ளி தோண்டியவர்களுக்கு அது இடைஞ்சலாக வந்த கனத்த கறுப்புக் கல். பிட்ச்பிளெண்ட் என்ற அந்தக் கல்லில் புதிய தனிமம் ஒன்று இருப்பதை 1789இல் மார்ட்டின் கிளாப்ரோத் கண்டறிந்தார். நூறாண்டுக்கு மேல் அதன் முதன்மையான பயன் கண்ணாடிக்கும் பீங்கானுக்கும் மஞ்சளும் பச்சையும் ஏற்றுவது. 1896இல் பெக்கரல் கதிரியக்கத்தைக் கண்டார். 1898இல் கியூரி தம்பதி பொலோனியத்தையும் ரேடியத்தையும் அறிவித்தார்கள். பிறகு மேரி கியூரி ரேடியத்தைப் பிரித்தெடுத்தது யாஹிமோவ் ஆலை சாயத்துக்காக யுரேனியத்தை எடுத்தபின் ஒதுக்கிய கசடிலிருந்து. யுரேனியத்தை எடுத்தபின் மிஞ்சும் மண்தான் கூடுதல் வீரியமானது என்பதை முதலில் உணர்த்தியது அந்தக் குவியல்.

அதே மலைகளில் வேறொன்றும் தெரியவந்தது. ஷ்னீபெர்க் சுரங்கத் தொழிலாளர் இளவயதிலேயே மூச்சு முட்டிச் சாவது தலைமுறைகளாகப் பேசப்பட்ட விஷயம். அது நுரையீரல் புற்று என்று ஹேர்ட்டிங், ஹெஸ்ஸே என்ற இரு மருத்துவர்கள் 1879இல் எழுதினார்கள். யுரேனியம் சிதையும் சங்கிலியில் வரும் ரேடான் வாயு சுரங்கக் காற்றில் சேர்கிறது. அது சிதைந்து பிறக்கும் திடத் துகள்கள் தூசியில் ஒட்டி நுரையீரலில் தங்கி, அங்கேயே கதிரை உமிழ்கின்றன. நல்ல காற்றோட்டம் இருந்தால் பெரும்பாலும் தவிர்க்கக்கூடிய ஆபத்து இது.

தெரிந்தும் தவிர்க்கவில்லை. இரண்டாம் உலகப் போரின்போதும் அதன் பிறகும் அமெரிக்காவும் சோவியத் ஒன்றியமும் அணுகுண்டுக்காக யுரேனியத்தைப் பறந்து பறந்து சேர்த்தன. அமெரிக்காவின் முதல் குண்டுகளுக்கான தாதுவில் பெரும்பங்கு பெல்ஜியம் ஆண்ட காங்கோவின் ஷின்கோலோப்வே சுரங்கத்தினுடையது. பாதிக்கு மேல் யுரேனிய ஆக்சைடாகவே இருந்த கற்கள் அங்கே கிடைத்தன. சுரங்க நிறுவனத்தின் எட்கர் செங்கியே 1940இல் சுமார் 1,200 டன் தாதுவை நியூயார்க்கின் ஸ்டேட்டன் தீவுக்கு அனுப்பிக் கிடங்கில் போட்டுவைத்தார். 1942 செப்டம்பரில் ராணுவ அதிகாரி வாங்க வந்தபோது சரக்கு உள்ளூரிலேயே தயாராக இருந்தது. பிறகு அமெரிக்கத் தென்மேற்கில், நவஹோ பழங்குடி மக்களின் நிலத்தில் நூற்றுக்கணக்கான குழிகள் வெட்டப்பட்டன. காற்றோட்டம் இல்லாத குழிகளில் நவஹோ ஆண்கள் வேலை செய்தார்கள்; ரேடான் பற்றி அவர்களிடம் யாரும் சொல்லவில்லை. அமெரிக்க நாடாளுமன்றம் இழப்பீட்டுச் சட்டம் இயற்றியது 1990இல். கிழக்கு ஜெர்மனியில் சோவியத் ஒன்றியம் தொடங்கிய விஸ்முட் நிறுவனம் 1946 முதல் 1990 வரை 2 லட்சம் டன்னுக்கு மேல் யுரேனியம் எடுத்தது. அங்கே தொழில்நோயாக ஏற்கப்பட்ட நுரையீரல் புற்று நோயாளிகள் ஆயிரக்கணக்கில்.

ஏரிக்கு அடியில் உறையவைத்த பாறை

கனடாவின் சஸ்காட்சுவான் மாநிலத்து வடக்கில் அத்தபாஸ்கா என்ற பெரும் மணற்கல் படுகை இருக்கிறது. அதன் அடித்தளத்தில், பழைய பாறையும் மணற்கல்லும் சந்திக்கும் இடத்தில், சூடான உப்புநீர் காலங்காலமாக ஓடி யுரேனியத்தைக் கட்டிகட்டியாகப் படியவிட்டது. 1981இல் கண்டுபிடிக்கப்பட்ட சிகார் லேக் படிவில் தாதுவின் தரம் 15 சதவீதத்துக்கும் மேல். உலகின் பல சுரங்கங்கள் 0.1 சதவீதத்தையே எட்டாமல் ஓடிக்கொண்டிருக்கும்போது இது கனவுத் தாது.

சிக்கல் என்னவென்றால், படிவைச் சேர்த்த தண்ணீர் இன்னும் போகவில்லை. சுமார் 450 மீட்டர் ஆழத்தில் கிடக்கும் தாதுவுக்கு மேலே, ஊறிப்போன மணற்கல் அழுத்தத்தோடு நிற்கிறது. 2006 அக்டோபரில் சுரங்கப்பாதை ஒன்றில் பாறை சரிந்தது. உள்ளே பாய்ந்த வெள்ளம் கட்டுமானத்தில் இருந்த சுரங்கத்தை மூழ்கடித்தது. நீரை இறைத்துக்கொண்டிருந்தபோது 2008இல் மறுபடியும் உடைப்பு. முதல் தாது மேலே வந்தது 2014இல்தான்.

எப்படி எடுக்கிறார்கள் என்பது பொறியியலில் தனி அத்தியாயம். முதலில் தாது கிடக்கும் பாறைக்குள் குழாய்களை இறக்கி, உறைநிலைக்கு வெகு கீழே குளிரவைத்த உப்புக் கரைசலை மாதக்கணக்கில் ஓடவிடுகிறார்கள். பாறையும் அதிலுள்ள நீரும் கெட்டியாக உறைந்து, வெளிநீர் நுழையாத சுவராகிவிடும். தாதுவுக்குக் கீழே உள்ள பாறையில் சுரங்கப்பாதை வெட்டி, அங்கிருந்து மேல்நோக்கித் துளையிட்டு, உயர் அழுத்தத் தண்ணீர்ப் பீச்சால் உறைந்த தாதுவை அரிக்கிறார்கள். கூழாக இறங்கும் தாது குழாய் வழியே போய், நிலத்தடியிலேயே அரைபட்டு, மேலே இறைக்கப்பட்டு, மக்லீன் லேக் ஆலைக்கு லாரியில் செல்கிறது. வெறுமையான குழியில் கான்கிரீட் நிரப்பி அடுத்த துளைக்கு நகர்கிறார்கள். இவ்வளவு செறிந்த தாதுவுக்குப் பக்கத்தில் ஆளை நிறுத்த முடியாது. அதனால் தொடக்கத்திலிருந்து முடிவுவரை மனிதக் கை அதன்மேல் படுவதே இல்லை.

செலவு கண்ணைக் கட்டும். ஆனாலும் கட்டுப்படியாகிறது. 1,000 மெகாவாட் உலை ஒன்றுக்கு ஆண்டுக்குச் சுமார் 200 டன் இயற்கை யுரேனியம் தேவை. சிகார் லேக் தாது என்றால் அதற்கு ஏறத்தாழ 1,500 டன் எடுத்தால் போதும். 0.05 சதவீதத் தாதுவில் 4 லட்சம் டன் பாறையை உடைக்க வேண்டும்.

தோண்டாத சுரங்கம்

கஜகஸ்தானின் தெற்கில், சூ-சரிசூ சமவெளியில் இருக்கும் யுரேனியச் சுரங்கத்தில் குழி கிடையாது, கோபுரமும் கிடையாது. வறண்ட புல்வெளியில் வரிசை வரிசையாகக் குழாய்த் தலைகள், அவற்றை இணைக்கும் பிளாஸ்டிக் குழாய்கள், தூரத்தில் ஒரு கொட்டகை. நிலத்துக்குள் சில நூறு மீட்டர் ஆழத்தில் மேலும் கீழும் களிமண்ணால் மூடப்பட்ட மணற்கல் அடுக்கு; அதில்தான் தாது. வெளிவட்டக் கிணறுகள் வழியே நீர்த்த கந்தக அமிலத்தைச் செலுத்துகிறார்கள். அது மணலுக்குள் ஊர்ந்து யுரேனியத்தைக் கரைத்துக்கொண்டு வர, நடுக்கிணறு மேலே இறைக்கிறது. தூள் இருந்த இடத்திலேயே இருக்க டிக்காஷன் மட்டும் இறங்குவதுபோல, பாறை கீழேயே நிற்க யுரேனியம் மட்டும் வெளியே வருகிறது. இயற்கை லட்சக்கணக்கான ஆண்டுகளில் செய்ததை மாதக்கணக்கில் திருப்பிச் செய்வதுதான் இந்த முறை.

மேலே வரும் கரைசலில் லிட்டருக்கு மில்லிகிராம் கணக்கில்தான் யுரேனியம் இருக்கும். சிறு மணிகளான ரெசின் நிறைந்த தொட்டிகளில் அதை ஓடவிட்டால் மணிகள் யுரேனியத்தைப் பிடித்துக்கொள்ளும். பிறகு மணிகளைக் கழுவி, வீழ்படிவாக்கி, உலர்த்தி, 200 லிட்டர் இரும்பு டிரம்களில் அடைக்கிறார்கள். வணிகப் பெயர் யெல்லோகேக். அதிக வெப்பத்தில் உலர்த்தியதென்றால் டிரம்முக்குள் இருப்பது மஞ்சளாக இருக்காது, கரும்பச்சையோ கறுப்போதான். டிரம்மின் பக்கத்தில் நிற்பதால் பெரிய ஆபத்து இல்லை. தூசியை மூச்சில் இழுக்காமல் பார்த்துக்கொள்ள வேண்டும். உடலுக்குள் போனால் ஈயத்தைப்போல இதுவும் நச்சு உலோகம், முதலில் அடி வாங்குவது சிறுநீரகம்.

உலக உற்பத்தியில் இன்று பாதிக்கு மேல் இப்படித் தோண்டாமல் எடுத்தது. மலிவு, தூசி இல்லை, கழிவு மலை இல்லை. இந்த முறையை விரிவாகக் கையாண்டுதான் கஜகஸ்தான் 2009இல் முதலிடத்துக்கு வந்தது. ஆனால் ஒரு கிலோ யுரேனியத்துக்குப் பல பத்து கிலோ அமிலம் வேண்டும். உரத் தொழிற்சாலைகளும் அதே அமிலத்துக்குப் போட்டியிடுகின்றன. 2024இல் அரசு நிறுவனமான கஜடோம்புரோம் தன் உற்பத்தி இலக்கைக் குறைத்தபோது சொன்ன முக்கியக் காரணம் கந்தக அமிலத் தட்டுப்பாடு.

அமிலம் ஊறிய நிலத்தடி நீரின் கதியை அறிய செக் குடியரசின் ஸ்ட்ராஸ் பகுதிக்குப் போகலாம். அங்கே 1967இலிருந்து சுமார் முப்பது ஆண்டுகள் இதே முறையில் யுரேனியம் எடுத்தார்கள்; நிலத்துக்குள் இறக்கிய கந்தக அமிலம் 40 லட்சம் டன். பக்கத்து அடுக்கில் குடிநீர் இருந்தது. சுரங்கம் நின்று பல ஆண்டுகள் ஆகியும் அமில நீரை மேலே இறைத்துச் சுத்திகரிக்கும் வேலை இன்னும் நின்றபாடில்லை. கஜகஸ்தானின் தாது அடுக்குகளில் உள்ள நீர் பெரும்பாலும் குடிக்கத் தகுதியற்ற உவர்நீர் என்பது அந்த நாட்டுக்கு வாய்த்த அனுகூலம். எல்லா நாட்டுக்கும் அது வாய்க்காது.

பாலைவனத்தின் குழி

நமீபியாவின் ரோசிங் படிவு தண்ணீர் சேர்த்ததல்ல. உருகிய பாறைக்குழம்பு குளிர்ந்தபோது தங்கியது. அதனால் தரம் மிகக் குறைவு. டன்னுக்குச் சுமார் 300 கிராம். 1976 முதல் நமீப் பாலைவனத்தில் வெட்டிவரும் குழி இன்று ஏறத்தாழ 3 கிலோமீட்டர் நீளம். அதன் அடியிலிருந்து பாரம் ஏற்றிய லாரி வளைந்து வளைந்து மேலே வரும்போது, எதிர்ப்புறச் சுவரில் நிற்பவருக்கு அது ஊர்வதாகத்தான் தெரியும். பக்கத்திலேயே 2016இல் உற்பத்தி தொடங்கிய ஹுசாப் சீன நிறுவனத்துடையது. 2019இல் ரோசிங்கும் சீனக் கைக்கு வந்தது.

மழை மிக அரிதான அந்த நிலத்தில், பாறைப் பொடியிலிருந்து யுரேனியத்தைப் பிரிக்கத் தண்ணீர் வேண்டுமே. அட்லாண்டிக் கடலோரத்தில் பிரெஞ்சு நிறுவனம் தன் சுரங்கத்துக்காகக் கட்டிய கடல்நீர் சுத்திகரிப்பு ஆலைதான் இன்று அங்குள்ள சுரங்கங்களுக்குத் தண்ணீர் தருகிறது. ஆஸ்திரேலியாவின் ஒலிம்பிக் டாமிலும் இதே தலைவலி. உலகிலேயே பெரிய யுரேனியப் படிவு அது. தோண்டுவதோ முதன்மையாகச் செம்புக்காக. பாலை நிலத்துக்கு அடியில் இருக்கும் கிரேட் ஆர்ட்டீசியன் என்ற நிலத்தடி நீர்ப்படுகையிலிருந்து அன்றாடம் கோடிக்கணக்கான லிட்டர் இறைக்கிறார்கள். அந்த நீரை நம்பிய ஊற்றுகள் வற்றுவதாகப் பழங்குடி மக்களும் சூழலியலாளரும் நெடுநாளாகக் குரல் கொடுக்கிறார்கள்.

ஜாதுகுடாவும் தும்மலப்பள்ளியும்

இந்தியாவின் முதல் யுரேனியப் படிவு 1951இல் இன்றைய ஜார்க்கண்டின் ஜாதுகுடாவில் கண்டறியப்பட்டது. 1967இல் யுரேனியம் கார்ப்பரேஷன் ஆஃப் இந்தியா தொடங்கப்பட்டு, சுரங்கம் படிப்படியாக 900 மீட்டர் ஆழம்வரை போனது. தாதுவில் யுரேனியம் 0.05 சதவீதத்தை ஒட்டியே இருக்கும். உலகச் சந்தை விலையோடு போட்டியிட வேண்டியிருந்தால் இந்தச் சுரங்கங்கள் திறந்தேயிருக்காது. 1974 அணுச் சோதனைக்குப்பின் வெளிநாட்டு யுரேனியத்துக்கு வழி அடைபட்டதால், இருப்பதைத் தோண்டியாக வேண்டிய கட்டாயம். 2007, 2008இல் எரிபொருள் போதாமல் நம் கனநீர் உலைகள் முழுத் திறனில் ஓட முடியாமல் தவித்தன. 2008இல் அணுப்பொருள் வழங்கும் நாடுகளின் குழு விலக்கு அளித்தபின் நிலைமை மாறியது. கஜகஸ்தான், கனடா, உஸ்பெகிஸ்தான் யுரேனியம் வருகிறது. கூடங்குளத்துக்குச் செறிவூட்டிய எரிபொருள் ரஷ்யாவிலிருந்து வருகிறது.

ஆந்திரத்தின் கடப்பா மாவட்டத்துத் தும்மலப்பள்ளியில் வேறு மாதிரிப் பாறை. யுரேனியம் அங்கே சுண்ணாம்பு வகைப் பாறையில் கலந்திருக்கிறது. அமிலம் ஊற்றினால் யுரேனியத்தைத் தொடுமுன் சுண்ணாம்பே அதைத் தின்றுவிடும். ஆகவே சோடியம் கார்பனேட் கரைசலை வெப்பத்திலும் அழுத்தத்திலும் செலுத்திப் பிரிக்கும் காரமுறை ஆலையை இந்தியப் பொறியாளர்கள் உருவாக்கினார்கள். ஏழைத் தாதுவிலிருந்து யுரேனியம் எடுப்பதில் இது நல்ல சாதனை.

இரண்டு ஊர்களிலும் தண்ணீரைப் பற்றிச் சண்டை எழுந்தது. 2006 டிசம்பரில் ஜாதுகுடா ஆலையின் கசடுக் குழாய் உடைந்து, கசடு பக்கத்து ஓடையில் கலந்தது. தும்மலப்பள்ளியில் கசடுக் குளத்தால் கிணற்று நீர் கெட்டுப் பயிர் பட்டுப்போவதாகச் சுற்றுவட்டார விவசாயிகள் புகார் செய்தார்கள், நிறுவனம் மறுத்தது.

மிஞ்சுவது

கசடை ஏன் இவ்வளவு பெரிதாகப் பேச வேண்டும்? யுரேனியம்-238 சிதைந்து ஈயமாக முடியும்வரை இடையில் ஒரு டஜனுக்கு மேற்பட்ட அணுவகைகள் வருகின்றன. பழைய பாறையில் அந்தப் பரம்பரை முழுவதும் சேர்ந்தே குடியிருக்கும். ஆலை எடுத்துச் செல்வது தாயை மட்டும். தோரியம்-230, ரேடியம், ரேடான் என்ற சந்ததி முழுவதும் கசடில் தங்கிவிடும். தாதுவில் இருந்த கதிரியக்கத்தில் ஏறத்தாழ 85 சதவீதம் ஊரிலேயே நிற்கிறது. 0.05 சதவீதத் தாது ஒரு டன் என்றால் அரை கிலோ யுரேனியம் வெளியூர் போகும். மீதி முழுவதும் மாவாக அரைபட்டு, ஆலை வேதிப்பொருள்களோடு குளத்தில் சேரும். ரேடியத்தின் அரை ஆயுள் 1,600 ஆண்டு. அதைப் பிறப்பித்துக்கொண்டே இருக்கும் தோரியம்-230இன் அரை ஆயுள் சுமார் 75,000 ஆண்டு.

மலைக்குள் இறுகிக் கிடந்தபோது நீர் எளிதில் புகாத பாறை இது. அரைத்துக் கொட்டியபின் காற்றும் மழையும் துகள் துகளாகத் தொடுகின்றன. 1979 ஜூலை 16 அன்று நியூ மெக்சிகோவின் சர்ச் ராக்கில் கசடுக் குளத்தின் மண்ணணை உடைந்தது. 1,000 டன்னுக்கு மேற்பட்ட கசடும் சுமார் 35 கோடி லிட்டர் அமில நீரும் பியூர்கோ ஆற்றில் இறங்கின. அந்த ஆற்றில்தான் நவஹோ மக்கள் ஆட்டுக்குத் தண்ணீர் காட்டிவந்தார்கள். அதே ஆண்டு மார்ச்சில் நடந்த திரீ மைல் ஐலண்ட் அணுமின் நிலைய விபத்தை உலகம் இன்றும் நினைவு வைத்திருக்கிறது. சர்ச் ராக்கைக் கேள்விப்பட்டவர் சொற்பம்.

முறையாக மூட முடியுமா? முடியும், பணமும் பொறுமையும் வேண்டும். ஜெர்மனி ஒன்றானபின் விஸ்முட் சுரங்கங்களை மூடும் பொறுப்பை அரசு ஏற்றது. கசடுக் குளங்களை வடித்து, களிமண்ணும் மண்ணும் போர்த்தி, சுரங்கங்களில் மெல்ல நீரை நிரப்பி, வெளிவரும் நீரைச் சுத்திகரித்துவருகிறார்கள். இதுவரை 600 கோடி யூரோவுக்கு மேல் செலவு. நீர்ச் சுத்திகரிப்பு இன்னும் பல பத்தாண்டு தொடரும். ஆஸ்திரேலியாவின் ரேஞ்சர் சுரங்கம் கக்காடு தேசியப் பூங்காவால் சூழப்பட்டது. 2021இல் உற்பத்தி நின்றது. கசடு 10,000 ஆண்டுகளுக்குச் சூழலோடு கலக்காதிருக்க வேண்டும் என்பது அதற்கு விதிக்கப்பட்ட நிபந்தனை. பக்கத்திலேயே இருக்கும் ஜபிலுக்கா படிவை, நிலத்தின் மரபுரிமையாளரான மிரார் மக்கள் பல்லாண்டு போராடித் தோண்டவிடாமலே காத்துவிட்டார்கள்.

விலையில் இல்லாத விலை

யுரேனியச் சந்தையின் போக்கிலும் தண்ணீருக்குக் கை இருக்கிறது. சிகார் லேக் மூழ்கிய செய்தி, ஏற்கெனவே ஏறிக்கொண்டிருந்த விலையை இன்னும் தள்ளிவிட்டது. 2007 நடுவில் ஒரு பவுண்டு 136 டாலரைத் தொட்டது. 2011இல் ஃபுகுஷிமாவைச் சுனாமி தாக்கி ஜப்பான் தன் உலைகளை நிறுத்தியபின் விலை சரிந்து, 2016 இறுதியில் 20 டாலருக்கும் கீழே போனது. கனடாவின் மக்ஆர்தர் ரிவர் போன்ற வளமான சுரங்கமே 2018இல் மூடப்பட்டது. 2022இல்தான் மீண்டும் திறந்தது. 2024 ஜனவரியில் விலை மறுபடி 100 டாலரைத் தாண்டியது. தேவைக்கும் சுரங்கம் தருவதற்கும் பல ஆண்டுகளாக இருந்த இடைவெளியை நிரப்பியது பழைய இருப்பு. ரஷ்யா 500 டன் குண்டுத்தர யுரேனியத்தை நீர்த்து எரிபொருளாக்கி விற்ற ஒப்பந்தம் 1993 முதல் 2013 வரை ஓடியது. அமெரிக்க மின்சாரத்தில் சுமார் பத்தில் ஒரு பங்கு அந்தக் காலத்தில் சோவியத் ஏவுகணைகளிலிருந்து வந்தது.

உலோகம் தீர்ந்துவிடும் என்ற கவலை பெரிதில்லை. இன்றைய செலவுக்குள் எடுக்கக்கூடியதாக அறியப்பட்ட இருப்பு சுமார் 60 லட்சம் டன். இப்போதைய வேகத்தில் 90 ஆண்டுகளுக்குப் போதும். எந்தப் படிவிலும் சிக்காமல் ஆறுகளோடு போய்க் கடலில் சேர்ந்தது இன்னும் 450 கோடி டன். ஜப்பானியர் யுரேனியத்தைப் பிடிக்கும் செயற்கை இழைகளைக் கடலில் தொங்கவிட்டு ஒரு கிலோ அளவுக்கு எடுத்தும் காட்டியிருக்கிறார்கள். செலவுதான் சுரங்கத்தைப்போலப் பல மடங்கு.

ஆகவே புதிதாக ஒரு சுரங்கம் வரும்போது, உள்ளே எத்தனை டன் இருக்கிறது என்பது இரண்டாவது கேள்விதான். கசடுக்கு அடியில் இறங்கும் நீரை யார், எத்தனை ஆண்டு, யாருடைய பணத்தில் சோதிப்பார்கள் என்பது முதல் கேள்வி. கனடாவிலும் ஆஸ்திரேலியாவிலும் மூடும் செலவுக்கான பணத்தை நிறுவனத்திடமிருந்து முன்பே உறுதிசெய்துகொள்ளும் விதிகள் இருக்கின்றன. அப்படியிருந்தும் ரேஞ்சரை மூடும் செலவு மதிப்பீட்டை மீறி 200 கோடி ஆஸ்திரேலிய டாலருக்கு மேல் போய்விட்டது. நிறுவனம் பங்குதாரரிடம் திரும்பத் திரும்பக் கையேந்த வேண்டியிருந்தது. விதிகள் இருக்கும் இடத்திலேயே இந்தப் பாடு என்றால், இல்லாத இடத்தில் அந்தச் செலவு மின்கட்டணத்திலும் தெரியாது, நிறுவனத்தின் வரவுசெலவிலும் தெரியாது. சுரங்கத்துக்குப் பக்கத்தில் கிணறு வைத்திருப்பவர் அதைக் கட்டிக்கொண்டிருப்பார்.